பிளாஸ்டிக் சேரும் பிரெஞ்சு மேஸ்திரியும்

பத்தொன்பது வருஷம் சாரத்தில் ஏறி இறங்கியவன் நான். கள்ளக்குறிச்சியில் மூன்று மாடிக் கல்யாண மண்டபத்தின் உச்சியில், கைப்பிடிச் சுவர்மேல் நின்றபடி டீ குடித்திருக்கிறேன். ஒருநாளும் கால் தவறியதில்லை. நான் விழுந்தது என் சொந்த வீட்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, சுவர்க் கடிகாரத்துக்கு செல் மாற்றப்போய், ஒரு பிளாஸ்டிக் சேரின் மேலிருந்து. உயரம் ஒன்றரை அடி. இதைச் சொன்னால் இன்றைக்கு யாரும் நம்புவதில்லை. ஏன் நம்புவதில்லை என்பதைத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

அப்போது கல்வராயன் மலை அடிவாரத்தில் ஒரு ஊரில் சர்ச் கட்டிக்கொண்டிருந்தேன். நான் மாரியம்மனைக் கும்பிடுகிறவன். அதனால் என்ன, மசூதிக்கும் பூசியிருக்கிறேன். அந்த ஊர் ஃபாதர் பிரான்ஸில் இரண்டு வருஷம் படித்துவிட்டு வந்தவர். வந்ததிலிருந்து அவருக்கு ஒரே பைத்தியம், கூர்வளைவு. போனைத் திறந்து திறந்து காட்டுவார். இரண்டு கை கூப்பினால் விரல்நுனி சேருமே, அப்படி உச்சியில் கூராகச் சேருகிற வளைவு. நான்கு மூலையிலிருந்தும் நான்கு செங்கல் விலா எழும்பி வந்து நடு உச்சியில் சந்திக்கும். அங்கே ஒரு பூட்டுக்கல். அந்த ஒரு கல்தான் மொத்தத்தையும் பிடித்து நிறுத்தும். பீடத்துக்கு மேலே மட்டும் அப்படி ஒன்று வேண்டும், இருபதடி உயரத்தில், கம்பியே இல்லாமல் வேண்டும் என்றார்.

"கம்பி இல்லாம நிக்குமாங்க ஃபாதர்?"

"அங்க எண்ணூறு வருஷமா நிக்குது மேஸ்திரி."

"அது அந்த ஊரு வெயிலுங்க."

அவர் இன்னொரு படத்தைக் காட்டினார். எனக்கும் ஆசை வந்துவிட்டது, பொய் சொல்வானேன். எல்லாரும் கம்பி கட்டி கான்கிரீட் ஊற்றித் தளம் போட்டுக்கொண்டிருக்கிற ஊரில், நான் ஒருத்தன் செங்கல்லிலேயே வானத்தை வளைத்தேன் என்று சொல்லிக்கொள்ளலாமே.

ஊர்க்காரர்களுக்கு அந்த வளைவுகூடப் பிரச்சினை இல்லை, பக்கத்து முட்டுகள்தான் பிரச்சினை. கூர்வளைவு சுவரை வெளிப்பக்கம் தள்ளும். அதைத் தாங்க வெளியிலிருந்து சாய்வாக முட்டுச்சுவர் எழுப்ப வேண்டும். பிரான்ஸில் அதுதான் அழகாம். எங்கள் பக்கம் முட்டு என்பது விழப்போகிற வீட்டுக்குக் கொடுப்பது. ரோட்டில் போகிறவன் எல்லாம் வண்டியை நிறுத்தி, "இன்னா மேஸ்திரி, கட்டும்போதே சாஞ்சிடுச்சா?" என்று கேட்டான். "ஆமா, உன் தலைமேல சாயத்தான் காத்துக்கினு கெடக்குது, உள்ள வா" என்பேன். சர்ச் கமிட்டியில் ஒரு பெரியவர், முட்டு தெரியாமல் முன்னால் வரிசையாக அசோக மரம் நட்டு மறைத்துவிடலாமா என்று கேட்டார். ஃபாதர் அன்றைக்கு மத்தியானம் சாப்பிடவில்லை.

ஆனால் சாரத்தின் மேலே நாங்கள் கட்டித் தொங்கவிட்ட திருஷ்டி பொம்மையைப் பார்த்ததும் அவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. பூசணிக்காய் மூஞ்சி, வெளியே தொங்கும் நாக்கு, பழைய பேண்ட். "பிரான்ஸ்லயும் கோயிலுக்கு மேல இப்படித்தான் பூதம் உக்காந்திருக்கும்" என்று போட்டோ எடுத்துக்கொண்டார். அதற்குப் பிறகு என் ஆட்கள் பிரான்ஸ்காரர்களை நம்ம ஜனம்தான் என்று முடிவுகட்டிவிட்டார்கள்.

என் ஆட்கள் என்றால் கொத்தனார் இரண்டு பேர், கீழ்வேலைக்கு நான்கைந்து பேர், அப்புறம் என் பொண்டாட்டி. அவள் சித்தாள். கல்யாணம் ஆனதிலிருந்து என்னோடுதான் கலவை சுமக்கிறாள். சேலைமேல் என் பழைய முழுக்கைச் சட்டை, தலையில் துண்டு, துண்டின்மேல் சட்டி. எங்கள் தொழிலில் பொம்பளை எத்தனை வருஷம் சுமந்தாலும் சித்தாள்தான். கொத்துக்கரண்டி அவள் கைக்கு வராது. ஏன் என்று நான் யோசித்ததும் இல்லை. வேலையிடத்தில் என்னை அவள் 'மேஸ்திரி' என்பாள். வீட்டுக்குள் நுழைந்தால் 'நீ'.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம், விலாக்கள் பாதி ஏறியிருந்தபோது ஃபாதர் ஒரு கதை சொன்னார். ரொம்ப காலத்துக்கு முன்னால் பிரான்ஸிலிருந்து ஒரு பெரிய மேஸ்திரி இங்கிலாந்துக்குப் போய், தீப்பிடித்துப் போன ஒரு பெரிய கோயிலை எடுத்துக் கட்டினாராம். மேல் வளைவைத் திருப்புகிற நேரத்தில் சாரம் முறிந்து, கல்லும் கட்டையும் கூடவே வர அத்தனை உயரத்திலிருந்து விழுந்தாராம். எழுந்திருக்க முடியவில்லை. ஆனாலும் படுக்கையில் கிடந்தபடியே, எதை முதலில் செய்யணும், எதை அப்புறம் செய்யணும் என்று சொல்லிச்சொல்லி வேலை நடத்தினாராம். கடைசியில் முடியாமல் விட்டுவிட்டு ஊருக்குத் திரும்பிப் போனாராம்.

"ஃபாதர், வளைவு ஏறிக்கினு இருக்கிற நேரத்துல சொல்றதுக்கு வேற நல்ல வார்த்தையே கெடைக்கலீங்களா உங்களுக்கு?" என்று கத்திவிட்டேன். கொத்தனார்கள் இரண்டு பேரும் தரையில் துப்பினார்கள். ஃபாதர் சிலுவை போட்டுக்கொண்டார்.

மறுநாள் நான் விழுந்தேன். சேரின் முன்னங்கால் இரண்டும் விரிந்துகொண்டு போயின. அந்த வழவழ டைல்ஸைப் போட்டவனும் நான்தான். கணுக்காலுக்கு மேலே எலும்பு முறிந்து, தொடைவரை மாவுக்கட்டு. ஆறு வாரம் காலைத் தரையில் வைக்கக் கூடாது என்றார் டாக்டர். சேர் அடியில் பிளந்துவிட்டது. பார்த்தவள் என் பொண்டாட்டி ஒருத்திதான். முதலில் சிரித்தாள், அப்புறம்தான் ஆட்டோவுக்கு ஓடினாள்.

சாயங்காலம் ஆஸ்பத்திரிக்கு ஃபாதரும் கொத்தனார்களும் வந்தார்கள். ஞாயிற்றுக்கிழமையில் நான் தனியாகப் போய் வேலையைப் பார்த்துவிட்டு வருவது அவர்களுக்குத் தெரியும். ஃபாதர் கண் கலங்கி என் கையைப் பிடித்தார்.

"நான் அந்தக் கதையைச் சொல்லியிருக்கக் கூடாது மேஸ்திரி. சாரத்துலேருந்துதானே?"

அந்த நிமிஷத்தில் எனக்கு அந்தப் பிரெஞ்சு மேஸ்திரி ஞாபகத்துக்கு வந்தார். சேர் ஞாபகத்துக்கு வந்தது. "ம்" என்றேன். வாயைத் திறக்கக்கூட இல்லை, அந்த ஒரு 'ம்' மட்டும்தான். கால்மாட்டில் நின்ற என் பொண்டாட்டி என்னைப் பார்த்துவிட்டு, ஃபிளாஸ்க்கை எடுத்துக்கொண்டு காபி வாங்கப் போனாள்.

வீட்டில் கிடக்க மாட்டேன் என்று அடம்பிடித்தேன். படுத்துக்கொண்டே வேலை நடத்தினார் அல்லவா ஒருத்தர்! தினமும் காலையில் குட்டியானை வண்டியில் என்னைக் கட்டிலோடு ஏற்றி, மலையடிவாரத்துக்குக் கொண்டுபோய், வாசல் வழியாகப் பீடம் நேராகத் தெரிகிற புங்கமரத்தடியில் இறக்கினார்கள். முதல் நாளே தொண்டை போய்விட்டது. இரண்டாம் நாள் ஃபாதர் பூசைக்கு வைத்திருந்த மைக்கைக் கொடுத்தார். கம்பத்து உச்சியில் இருந்த ஹாரன் ஸ்பீக்கரில் என் குரல் போய் மலையில் மோதித் திரும்பி வந்தது. "டேய் சோம்பேறி, தூக்கு குண்டு வுட்டுப் பாத்தியாடா?" என்று நான் கேட்டால், சோம்பேறி சோம்பேறி என்று மலையும் கேட்டது. அந்த மைக்கில் அம்மா ஆத்தாள் வராமல் பேசும்படி ஃபாதர் கெஞ்சினார். முயற்சி பண்ணினேன்.

ஊர்ஜனம் என்னைப் பார்க்க வந்தது. எத்தனை அடி மேஸ்திரி என்று கேட்டார்கள். நான் பெருமூச்சு விட்டேன், அவ்வளவுதான். அந்தப் பெருமூச்சை அவர்கள் அளந்துகொண்டார்கள். முதல் வாரம் இருபதடி. இரண்டாம் வாரம் முப்பது. மூன்றாம் வாரம், கட்டடத்தின் உயரமே இருபதடியாக இருக்க, நான் அறுபதடியிலிருந்து விழுந்திருந்தேன். விழும்போது யாரோ கையால் ஏந்தியதுபோல் இருந்ததா என்று ஒரு அம்மா கேட்டார். இருந்திருக்கலாம் என்றேன். மறுநாள் என் கட்டில்காலில் மெழுகுவத்தி எரிந்தது. கட்டில் கயிறு பொசுங்கி, நான் மைக்கில் போட்ட சத்தத்தில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் வகுப்பை விட்டு வெளியே வந்துவிட்டார்கள்.

கேட்கச் சுகமாகத்தான் இருந்தது. வெட்கமாக இருந்தது என்று இப்போது எழுதினால் நன்றாக இருக்கும், ஆனால் அப்போது சுகமாகத்தான் இருந்தது. நான்கு விலாவும் உச்சியைத் தொட்டு, நடுவில் பூட்டுக்கல்லுக்கு மட்டும் ஓட்டை விட்டு நின்ற அன்றைக்குத்தான் என் 'ம்' திரும்பி வந்தது.

பூட்டுக்கல் ஏறும்வரை அந்த வளைவு தன் காலில் நிற்காது. அடியில் கொடுத்திருக்கும் மரப்பலகை அச்சின்மேல்தான் படுத்திருக்கும். சென்ட்ரிங் என்போம். நனைந்தால் பலகை ஊறி நெளியும், விலா வாய் பிளக்கும், இரண்டு மாத வேலை பீடத்தின்மேல் கொட்டும். ஐப்பசி வந்துவிட்டிருந்தது. அந்தப் பக்கத்தில் மலை கண்ணுக்குத் தெரியாமல் போனால் அரை மணியில் மழை.

"கல்லு ஏத்துங்கடா" என்றேன்.

யாரும் அசையவில்லை. மூத்த கொத்தனார் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து குந்தினார்.

"மேஸ்திரி, தப்பா நெனச்சிக்காதீங்க. கட்டடம் காவு கேக்குது. உங்களையே தள்ளிவுட்ட எடம் அது. பாதி தின்னுட்டு வுட்டுருக்குது. மீதிக்கு ஆள் பாக்கும். எங்களுக்குப் புள்ளகுட்டி இருக்குதுங்க."

"கோழி அறுக்கலாம்" என்றான் இன்னொருத்தன். கோயிலுக்குள் கோழி அறுக்கக் கூடாது, வேண்டுமானால் தீர்த்தம் தெளிக்கிறேன் என்றார் ஃபாதர். தீர்த்தம் உங்க ஆளுங்களுக்குத்தான் கேக்கும், எங்களுக்குக் கோழிதான் கேக்கும் என்றார்கள். கடைசியில் காம்பவுண்டுக்கு வெளியே மத்தியான பிரியாணிக்காக ஒரு கோழி அறுக்கப்பட்டது. ஃபாதர் அந்த நேரம் மலையைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிரியாணி நன்றாகத்தான் இருந்தது. தின்று கையைக் கழுவிவிட்டு, மேஸ்திரியையே ருசி பார்த்த கட்டடத்துக்கு ஒரு கோழி எந்த மூலைக்கு என்று சொல்லி மறுபடியும் உட்கார்ந்துகொண்டார்கள். கீழே நின்று கல்லைத் தூக்கும் கப்பிச் சங்கிலியை இழுப்போம், மேலே ஏற மாட்டோம். அதுதான் கடைசி பேச்சு.

திரும்பிப் பார்த்தேன், மலை இல்லை. வெள்ளையாக ஒரு சுவர்தான் இருந்தது.

அப்போது என் பொண்டாட்டி கலவைச் சட்டியை இறக்கிவிட்டுக் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்தாள். தலைமாட்டில் கிடந்த என் கரண்டியை எடுத்தாள். குனிந்து, மைக்கை என் கையோடு சேர்த்து மூடிக்கொண்டு, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி கேட்டாள்.

"நீ சொல்றியா, நான் ஏறட்டுமா?"

எனக்குப் புரிந்தது. அத்தனை பேரிலும் அவளுக்கு ஒருத்திக்குத்தான் அந்தச் சாரத்தைப் பார்த்து பயமில்லை. அங்கேயிருந்து யாரும் விழவில்லை என்று அவளுக்குத்தான் தெரியும். கையில் மைக் இருக்கிறது. 'சேர்லேருந்து விழுந்தேன்' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். கொத்தனார் சிரித்துவிட்டு ஏறிவிடுவார்கள். அறுபதடி ஒன்றரை அடியாகிவிடும், அவ்வளவுதானே! நான் மலை இருந்த பக்கமாக முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

அவள் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஏறினாள்.

சவுக்குக் கம்புச் சாரம், மூன்று தட்டு. முதல் தட்டில் நின்று கீழே என்னைப் பார்த்தாள். பயப்படுகிறாள் என்று நினைத்தேன். "கீழ பாக்காத!" என்று மைக்கில் கத்தினேன். இரண்டாம் தட்டில் நின்று பார்த்தாள். "கீழ பாக்காதன்னா கேளுடி!" ஊரே வேலியோரம் கூடிவிட்டது. மூன்றாம் தட்டு, வளைவின் தோளுக்கும் மேலே. அங்கேயும் நின்றாள், இந்த முறை கொஞ்சம் அதிக நேரம். "மேல பாத்து நில்லு, கீழ இன்னா இருக்குது உனக்கு!" என்று கத்தினேன். அவள் திரும்பிக்கொண்டு கல்லுக்குக் கை காட்டினாள்.

கீழே சங்கிலியை இழுத்தார்கள். கலவைச் சட்டி முதலில் போனது, பின்னால் கல் ஆடி ஆடி ஏறியது. நான் நிறுத்தாமல் கத்திக்கொண்டிருந்தேன், மேற்கே தள்ளு, கிழக்கே தள்ளு, கலவை ஜாஸ்தி, கலவை கம்மி. அவள் முதன்முதலாக வேலையிடத்தில், ஊர் கேட்க, "நீ செத்த வாய மூடுறியா?" என்றாள். வேலியோரம் பொம்பளைகள் சிரித்தார்கள். சிரிப்பு முடியவில்லை, கல் சுழன்று சாரத்தில் இடித்தது. அவள் நின்ற பலகை நழுவியது. ஒரு கால் காற்றில், ஒரு கை சவுக்குக் கம்பில். என் கரண்டி கீழே விழுந்து பீடத்தில் மோதிய சத்தம் எனக்கு இன்னமும் கேட்கிறது.

"சேருடா!" என்று அலறினேன். "சேர்லேருந்துதான்டா விழுந்தேன்! வூட்ல, பிளாஸ்டிக் சேர்லேருந்து! செல்லு மாத்தப் போயி! சாரம் ஒன்னும் பண்ணலடா, ஏறுங்கடா டேய், புடிங்கடா அவள!"

மலைப்பக்கமிருந்து, புடிங்கடா அவள என்று திரும்பி வந்தது.

யாரும் ஏறவில்லை. மூத்த கொத்தனார் துண்டால் கண்ணைத் துடைத்தார். "பாரு, அண்ணி பயந்துடக் கூடாதுன்னு இன்னான்னா சொல்றாரு பாரு" என்றார். அட, பொண்டாட்டிமேல எவ்ளோ உசுரு என்றாள் வேலியோரம் ஒருத்தி. ஃபாதர் முழங்காலில் நின்று ஜெபம் பண்ணிக்கொண்டிருந்தார். நான் கட்டிலிலிருந்து இறங்கப் பார்த்து, மாவுக்கட்டோடு மண்ணில் விழுந்தேன். கணக்குப்படி அதுதான் சர்ச் வேலையில் நான் விழுந்த ஒரே தடவை. அதற்கு உயரம் ஒன்றேகால் அடி.

அவளே காலை எடுத்து வைத்தாள். அவளே பலகையை இழுத்துப் போட்டாள். கரண்டி இல்லாமல் வெறுங்கையால் கலவையை அப்பி, கல்லை அணைத்துப் பிடித்து ஓட்டையில் இறக்கினாள். மண்ணில் கிடந்தபடி பார்த்தேன். கல்லின் அடியில் செதுக்கியிருந்த பூ நேராக உட்கார்ந்தது. ஈரக் கலவை கரையாமல், சங்கிலியில் ஏற்றிவிட்ட தார்ப்பாயை மேலே போர்த்திக் கட்டிவிட்டு அவள் இறங்கி வரவும் மழை பிடித்துக்கொண்டது.

மூன்று வாரம் கழித்துச் சென்ட்ரிங் பிரித்தோம். வளைவு நின்றால் நிற்கும், இல்லாவிட்டால் அப்போதே தெரிந்துவிடும். என் கட்டிலைக் கொண்டுபோய் அதற்கு நேர் கீழே போடச் சொன்னேன். விழுந்தால் என்மேல் விழட்டும் என்று மனசார நினைத்தேன். அவள் வந்து, "தள்ளிப் படு" என்று கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். எவ்வளவோ திட்டினேன், எழுந்திருக்கவில்லை. கடைசி ஆப்பைத் தட்டினார்கள். பலகை இறங்கியது. சுண்டுவிரல் அளவு காய்ந்த கலவை என் மாவுக்கட்டின்மேல் விழுந்தது. வேறொன்றும் விழவில்லை.

திறப்பு விழாவில் எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். அந்தப் பிரெஞ்சு மேஸ்திரி விழுந்த பிறகு பாதியில் திரும்பிப் போனார், நம்ம மேஸ்திரி போகவில்லை என்றார் ஃபாதர். கைதட்டல் அடங்கியதும் நான் மைக்கை வாங்கிச் சேர் கதையைச் சொன்னேன். செல், கடிகாரம், டைல்ஸ், எதையும் விடவில்லை. கல்லை வைத்தது என் பொண்டாட்டி என்றும் சொன்னேன். கூட்டம் சிரித்தது, மறுபடியும் கைதட்டியது. எவ்வளவு அடக்கம் என்று ஃபாதர் என் தோளைத் தட்டினார். வாசலில் பதித்த கல்வெட்டில், உயரத்திலிருந்து விழுந்தும் பணி முடித்த மேஸ்திரி என்று இருக்கிறது. போய்ப் பார்க்கலாம்.

அன்றைக்குக் குட்டியானையில் ஊர் திரும்பும்போது பொன்னாடை என் மடியில் கிடந்தது. அவள் எதிரே கலவைச் சட்டியைக் கவிழ்த்துப்போட்டு அதன்மேல் உட்கார்ந்திருந்தாள். எனக்குத் தாங்கவில்லை.

"அன்னிக்கு நீயாவது சொல்லியிருக்கலாம் இல்ல? எல்லாருக்கும் முன்னாடி, அவரு சேர்லேருந்து விழுந்தாருன்னு. நீ சொன்னா நம்பியிருப்பாங்க."

"நீ சொல்லுவேன்னு பாத்தேன்" என்றாள்.

"எப்போ?"

"ஏறும்போது. மூணு தட்டுலயும் நின்னு பாத்தேன்."

கீழே பார்க்காதே என்று மூன்று முறையும் மைக்கில் கத்தியவன் நான். வீட்டுக்கு வந்ததும் அவள் கையைப் பிடித்து இறக்கிவிட்டாள், பொன்னாடையை மடித்து பீரோவில் வைத்தாள், பிறகு ஸ்டூலைப் போட்டு ஏறிக் கடிகாரத்துக்கு செல் மாற்றினாள். நான் ஒற்றைக்காலில் நின்று ஸ்டூலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.